கத்தரிக்கோல் யார் கையில்?

கடைக்கால் தோண்டி, சுவர் எழுப்பி, கூரை ஏறாமல் நிற்கும் வீட்டை நாம் எல்லா ஊரிலும் பார்த்திருக்கிறோம். மழை அதன் சுவரை அரிக்கும். ஆடு அதனுள்ளே படுக்கும். வழிப்போக்கன் அதைப் பார்த்து உச்சுக்கொட்டிவிட்டுப் போவான். ஏன் நின்றது அந்த வேலை? கொத்தனார் ஓடிவிட்டாரா? பணம் போட்டவன் கையை விரித்துவிட்டானா? ஊர்ப் பெரியதனம் குறுக்கே வந்து நின்றதா? அதை மட்டும் எவரும் கேட்பதில்லை.

திரைப்பட உலகிலே அப்படிக் கூரை ஏறாத வீடுகளைப் பலவாக விட்டுச்சென்ற ஒரு கொத்தனார் இருந்தார். சாதாரணக் கொத்தனார் அல்லர்; திறமைக்கு உலகமே தலைவணங்கிய கொத்தனார். அவர்தான் ரஷ்ய நாட்டின் செர்ஜி ஐசன்ஸ்டீன். ஐம்பதாண்டு வாழ்ந்தார். அவர் முடித்துத் தந்த பெரும்படங்கள் ஏழே ஏழு. முடிக்காமல் போனவையோ அதனினும் மிகுதி! முடித்தவற்றைப் பற்றிப் பேச ஆயிரம் பேர் உண்டு. முடியாமல் போனவற்றைப் பற்றி இன்று நாம் பேசுவோம். ஏனெனில், முடிந்த வேலை தொழிலாளியின் திறமையைக் காட்டும். முடியாத வேலையோ, அவனைச் சுற்றி நின்றவர்களின் குணத்தைக் காட்டும்!

1898 சனவரியில், அந்நாளில் ரஷ்யப் பேரரசின் பிடியிலிருந்த ரீகா நகரிலே பிறந்தார் ஐசன்ஸ்டீன். இன்று அது லாட்வியா நாட்டின் தலைநகரம். தந்தை பெயர்பெற்ற கட்டடக் கலைஞர். அவர் எழுப்பிய மாளிகைகள் அந்நகரிலே இன்றும் நிற்கின்றன. மகனும் அதே தொழிலுக்கென்று பெட்ரோகிராடில் பொறியியல் கற்கப் போனார். வந்தது 1917 புரட்சி. தந்தை எதிரணிக்குப் போனார். மகன் 1918-இல் செஞ்சேனையில் சேர்ந்தார். ஒரே வீடு, இரண்டு பாசறை! செஞ்சேனையிலே அரண் அமைத்தார், பிரச்சாரப் படம் வரைந்தார், நாடகம் போட்டார். பிறகு மாஸ்கோ வந்து தொழிலாளர் நாடக அரங்கிலே புகுந்தார். மெயர்ஹோல்டு என்ற நாடகப் பேராசானிடம் பாடம் கேட்டார். அந்தப் பேராசானின் பெயரை நினைவிலே வைத்துக் கொள்ளுங்கள், பின்னால் வருகிறது.

அங்கிருந்து திரைப்படத்துக்குத் தாவினார். அவர் கண்ட உண்மை இதுதான்: படம் பிறப்பது காமிராவிலே மட்டும் அல்ல, கத்தரிக்கோலிலே! ஒரு துண்டுக்குப் பக்கத்தில் இன்னொரு துண்டை ஒட்டினால், இரண்டிலும் இல்லாத மூன்றாவது பொருள் ஒன்று பார்ப்பவன் உள்ளத்திலே எழும். 1925-இல் வெளிவந்த 'வேலைநிறுத்தம்' படத்தின் முடிவிலே, படைகள் தொழிலாளர்களைச் சுட்டுத் தள்ளும் காட்சியோடு, அடிதொட்டியிலே மாட்டை அறுக்கும் காட்சியை வெட்டி ஒட்டினார். விளக்கம் வேண்டுமா அதற்கு?

அந்தப் படமே தனிப்படமாகத் திட்டமிட்டது அல்ல. தொழிலாளர் இயக்க வரலாற்றைச் சொல்லும் ஒரு நெடுந்தொடரில் ஒரு பாகம். மற்றப் பாகங்கள் பிறக்கவே இல்லை. அடுத்து, 1905-ஆம் ஆண்டுக் கிளர்ச்சியின் இருபதாம் ஆண்டு நிறைவுக்காக, அந்த ஆண்டு முழுவதையும் படமாக்கும் பொறுப்பு வந்தது. காலம் போதவில்லை, வானிலை ஒத்துழைக்கவில்லை. நூற்றுக்கணக்கான நிகழ்ச்சிகளைக் கைவிட்டு ஒன்றே ஒன்றை எடுத்தார்: புழு நெளிந்த இறைச்சியைத் தின்ன மறுத்த மாலுமிகளின் கதை. அதுதான் 'போர்க்கப்பல் பொட்டெம்கின்'. ஒடெசா நகரத்துப் படிக்கட்டிலே படையினர் இறங்கிவரும் காட்சியை உலகம் இன்னும் மறக்கவில்லை. பிரிட்டன் அந்தப் படத்தை 1954 வரை பொதுமக்களுக்குக் காட்டத் தடை போட்டிருந்தது! கைவிட்ட ஒரு பெரும்படத்தின் துண்டுதான் உலகப் புகழ் பெற்றது என்பதைக் கவனியுங்கள். கைவிடுவதெல்லாம் தோல்வி அல்ல. தானாகக் கைவிடுவது வேறு, பிடுங்கப்படுவது வேறு.

பிடுங்கும் படலம் விரைவிலேயே தொடங்கிற்று. புரட்சியின் பத்தாம் ஆண்டுக்காக 'அக்டோபர்' எடுத்தார். அதற்குள் டிராட்ஸ்கி அதிகாரத்திலிருந்து வீழ்த்தப்பட்டார். வரலாற்றிலே இருந்தவர் படத்திலே இருக்கக் கூடாதென்று ஆயிற்று, காட்சிகள் வெட்டப்பட்டன. கத்தரிக்கோலைக் கலையாக்கியவர் கையிலிருந்து, முதல் முறையாகக் கத்தரிக்கோல் வேறு கைக்குப் போனது.

அந்த நாளில் அவர் உள்ளத்திலே ஓர் எண்ணம் முளைத்தது. கார்ல் மார்க்சின் 'மூலதனம்' நூலைப் படமாக்க வேண்டும்! சிரிக்கத் தோன்றுகிறதா? கணக்கும் தத்துவமும் நிறைந்த நூலைப் படமாக்குவதா என்று தோன்றுகிறதா? அவர் குறித்து வைத்த வழியைக் கேளுங்கள். வேலை முடிந்து வரும் கணவனுக்காக ஒருத்தி சூப்புக் காய்ச்சுகிறாள். அதிலே தூவும் காரத்தூளிலிருந்து, அது பெயர் பெற்ற ஊருக்கும், அங்கிருந்து பிரெஞ்சுக்காரர்களின் சிறைத் தீவுக்கும், அங்கே அடைபட்ட குற்றமற்றவனுக்கும், உலக அரசியலுக்கும் படம் தாவிச் செல்லும். ஏழை வீட்டு அடுப்பிலே கொதிக்கும் சட்டிக்குள் உலகப் பொருளாதாரமே கொதிக்கிறது என்று காட்ட நினைத்தார். ஏட்டிலே குறிப்பாக நின்றதே தவிர, ஓரடி ஃபிலிம்கூட ஓடவில்லை.

1929-இல், பேசும்படக் கலையைக் கற்று வர, அலெக்சாண்டிரோவ், டிஸ்ஸே ஆகிய இரு தோழர்களோடு மேலைநாடுகளுக்குப் புறப்பட்டார். 1930-இல் ஹாலிவுட்டின் பாரமவுண்ட் நிறுவனம் அவரை ஒப்பந்தம் செய்தது. எல்லாச் சுவரும் கண்ணாடியாலான அடுக்குமாடி வீடு; அதிலே வாழும் எவனும் அடுத்தவன் துன்பத்தைப் பார்ப்பதில்லை. இது அவர் சொன்ன ஒரு கதை, ஏறவில்லை. கலிபோர்னியாவின் தங்கவேட்டையைப் பற்றி 'சட்டரின் தங்கம்' எழுதினார், ஏற்கவில்லை. தியோடர் டிரைசரின் 'ஓர் அமெரிக்கச் சோகம்' நாவலுக்குத் திரைக்கதை எழுதினார். பணக்கார வாழ்வுக்கு ஏங்கிய ஓர் இளைஞன், தன்னால் கருவுற்ற தொழிற்சாலைப் பெண்ணின் சாவுக்குக் காரணமாகிறான். குற்றவாளி அந்த இளைஞன் மட்டுமா, அவனுக்குள் அந்த ஆசையை ஊட்டி வளர்த்த சமூகமா என்று கேட்டது அவர் எழுத்து. முதலாளிகள் கேட்டதோ நல்ல துப்பறியும் கதை! வெளியிலே ஒரு கூட்டம், ரஷ்யன், யூதன், சிவப்பன் என்று அவரைத் தூற்றிக்கொண்டிருந்தது. 1930 அக்டோபரில் ஒப்பந்தம் முடிந்தது. ஒரு காட்சிகூட எடுக்காமலே ஹாலிவுட்டை விட்டு வெளியேறினார்.

அப்போது கை கொடுத்தவர் அப்டன் சிங்கிளேர். சிகாகோ இறைச்சித் தொழிற்சாலைகளிலே தொழிலாளர் பட்ட பாட்டை 1906-இல் 'காடு' என்ற நாவலிலே எழுதி அமெரிக்காவை உலுக்கிய சோஷலிச எழுத்தாளர். அவரும் அவர் மனைவியும் நண்பர்களிடம் பணம் திரட்டினர். 25,000 டாலர், மூன்று நான்கு மாதம், மெக்சிகோவிலே ஒரு படம். இதுதான் பேச்சு. 1930 டிசம்பரில் மெக்சிகோ சென்ற ஐசன்ஸ்டீன், அந்த மண்ணைக் கண்டு மயங்கினார். பழங்குடிகளின் திருமணம், பண்ணையடிமைகளின் கிளர்ச்சி, காளைச் சண்டை, மண்டையோட்டு மிட்டாயோடு சாவையே எள்ளி நகையாடும் இறந்தோர் நாள், இப்படி ஒரு நாட்டின் முழு வரலாற்றையும் பல பகுதிகளாக எடுக்கத் தொடங்கினார். மாதங்கள் ஓர் ஆண்டைத் தாண்டின. ஃபிலிம் ஏறத்தாழ 2 இலட்சம் அடியாகப் பெருகிற்று. பணம் கரைந்தது. புரட்சிப் படையோடு நடந்த பெண்களைப் பற்றிய பகுதி மட்டும் பாக்கி. அந்த வேளையிலே, ஐசன்ஸ்டீன் நம்பிக்கை இழந்த ஆள், நாட்டை விட்டு ஓடிப்போனவராகக் கருதப்படுகிறார் என்று ஸ்டாலினிடமிருந்து சிங்கிளேருக்குத் தந்தி பறந்தது. 1932 தொடக்கத்திலே படப்பிடிப்பு நிறுத்தப்பட்டது.

ஃபிலிம் பின்னாலேயே வரும் என்ற நம்பிக்கையோடு மாஸ்கோ திரும்பினார். வரவே இல்லை. போட்ட பணத்தை எடுக்க வேண்டுமே என்று சிங்கிளேர் ஃபிலிமை ஹாலிவுட்டிலே கொடுத்தார். அவர்கள் அதை வெட்டி ஒட்டி, 1933-இல் 'மெக்சிகோ மீது இடி' என்று வெளியிட்டனர். நெய்தவன் ஒருவன்; துணியைத் தன் விருப்பம்போல் கிழித்துத் தைத்தவன் வேறொருவன்! 'மெக்சிகோ வாழ்க' என்று தாம் பெயரிட்ட அந்தப் படத்தைத் தம் கையால் வெட்டி ஒட்டும் பேறு ஐசன்ஸ்டீனுக்குச் சாகும்வரை கிட்டவில்லை. 1979-இல்தான், முதியவராகிவிட்ட அலெக்சாண்டிரோவ், திரும்பிவந்த ஃபிலிமைக் கொண்டு ஒரு வடிவம் அமைத்தார்.

இதிலே சிங்கிளேரைக் கொடியவர் என்று திட்டிவிட நமக்கு மனமில்லை. அவர் முதலாளி அல்லர். கடன் தொல்லைக்கு அஞ்சிய ஒரு நல்ல மனிதர். ஐசன்ஸ்டீன் மீதும் தவறு உண்டு. நான்கு மாதக் கணக்கைச் சொல்லிவிட்டு ஓராண்டைக் கடப்பது, பிறர் பணத்திலே வேலை செய்பவருக்கு அழகல்ல. ஆனால் ஒன்று: கணக்குத் தவறியவனுக்குக் கூலியைக் குறைக்கலாம், அவன் கைவேலையையே பறித்துக் கொள்ளலாமா?

சரி, அது டாலர் நாடு. தொழிலாளர் ஆட்சி என்று பெயர் சொன்ன நாட்டிலே நிலைமை என்ன? அதையும் மறைக்காமல் பார்ப்போம்.

பிரெஞ்சு ஆதிக்கத்தை எதிர்த்து எழுந்த ஹெய்ட்டித் தீவின் கருப்பின அடிமைகளின் வரலாற்றைப் படமாக்க விரும்பினார். நீக்ரோ மக்களின் புகழ்ப் பாடகர் பால் ராப்சன் 1934 டிசம்பரில் மாஸ்கோவுக்கே வந்து அவரைச் சந்தித்தார். படம் வரவில்லை. 1935-இல் 'பெஷின் புல்வெளி' தொடங்கினார். கூட்டுப்பண்ணைக்கு எதிராகச் சதி செய்யும் தந்தை, அதைக் காட்டிக் கொடுக்கும் சிறுவன், மகனையே கொல்லும் தந்தை, இதுதான் கதை. அரசு விரும்பிய கதைதான்! நடுவிலே பெரியம்மை வந்து படுத்தார். எழுந்தார், எடுத்தார், திருத்தச் சொன்னார்கள், ஐசக் பாபெல் என்ற எழுத்தாளரைக் கொண்டு திருத்தி மறுபடியும் எடுத்தார். 1937 மார்ச்சில் திரைத்துறைத் தலைவர் ஷுமியாட்ஸ்கி வேலையை நிறுத்தினார். 20 இலட்சம் ரூபிள் வீண் என்றார்கள். ஐசன்ஸ்டீன் எல்லாம் தம் பிழையே என்று பகிரங்கமாக எழுதிக் கொடுத்தார். படமோ அழிந்தது, போர்க்காலக் குண்டுவீச்சிலே போயிற்று என்று சொல்லப்படுகிறது.

மேடையிலே வீரம் பேசும் நமக்கு, அவர் பணிந்ததைப் பழிப்பது எளிது. அந்த நாளை எண்ணிப் பாருங்கள். படத்தை நிறுத்திய ஷுமியாட்ஸ்கியே 1938-இல் சுட்டுக் கொல்லப்பட்டார். திருத்தி எழுதிய பாபெல் 1940 சனவரியில் சுட்டுக் கொல்லப்பட்டார். அடுத்த மாதம், பேராசான் மெயர்ஹோல்டும்! அந்தப் பேராசானின் ஏடுகளை வைத்திருப்பதே தலைக்கு ஆபத்து என்ற நாளில், அவற்றை வாங்கித் தம் ஊர்ப்புற வீட்டிலே மறைத்துக் காத்தவர் இதே ஐசன்ஸ்டீன்தான். வாய் பணிந்தது, கை பணியவில்லை.

1938-இல் 'அலெக்சாண்டர் நெவ்ஸ்கி' வந்தது. ஜெர்மானியப் படையெடுப்பை முறியடித்த பழங்கதை. பாராட்டும் விருதும் குவிந்தன. 1939 ஆகஸ்டில் ஹிட்லரோடு ஒப்பந்தம். படம் திரையிலிருந்து இறங்கியது. 1941-இல் ஹிட்லர் பாய்ந்ததும் மறுபடி ஏறியது! படம் மாறவில்லை, காற்றுத்தான் மாறியது. அதே 1939-இல், ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட உழவர்கள் மண்வெட்டியோடு திரண்டு வெட்டிய பெர்கானா கால்வாயைப் பற்றிப் படமெடுக்கக் கதை அமைத்தார். தண்ணீரை ஆயுதமாக்கிய தைமூரின் காலத்திலிருந்து தொடங்கும் கதை. நடிகர் தேர்வுவரை போய், அதுவும் நின்றது.

கடைசியாக, 'கொடியன் ஐவான்', மூன்று பாகமாக. முதல் பாகத்துக்கு 1946-இல் ஸ்டாலின் பரிசு. அதே ஆண்டு பிப்ரவரியில், விருந்திலே ஆடிக்கொண்டிருந்தவர் மாரடைப்பால் சாய்ந்தார். இரண்டாம் பாகத்திலே, சந்தேகத்தால் நாட்டையே இரத்தக் களமாக்கும் மன்னனைக் காட்டியிருந்தார். பார்த்தவர்களுக்குப் புரியாமலா போகும்? 1946 செப்டம்பரில் மத்தியக் குழு அதைக் கண்டித்துத் தீர்மானம் போட்டது. 1947 பிப்ரவரியில் கிரெம்ளினுக்கு அழைத்து, ஐவானை எப்படிக் காட்ட வேண்டும் என்று ஸ்டாலினே பாடம் சொன்னார். திருத்தி எடுக்க இசைவும் கிடைத்தது. ஐசன்ஸ்டீன் தலையசைத்துவிட்டு வந்தார், ஆனால் திருத்தவில்லை. 1948 பிப்ரவரி 11 அன்று இறந்தார். மூன்றாம் பாகத்துக்கென்று எடுத்ததில் சிறு துண்டு தவிர மற்றவை அழிந்தன. இரண்டாம் பாகம் 1958-இல் வெளியே வந்தது. தடுத்தவர் 1953-இலேயே போய்விட்டார்.

தோழர்களே! பணப்பெட்டி வைத்திருந்தவன் ஒருபுறம் வெட்டினான். அதிகாரம் வைத்திருந்தவன் மறுபுறம் வெட்டினான். உழைப்பவன் பெயரைச் சொல்லி ஆள்பவரே ஆனாலும், உழைப்பவன் கையிலுள்ள கருவியைப் பிடுங்கத் தொடங்கினால், அங்கே நடப்பது பழைய முதலாளியின் வேலைதான்; பெயர்ப்பலகை மட்டும் வேறு. இதைச் சொல்ல நாம் கூசக் கூடாது. நமக்குப் பிடித்த கொடியின் கீழ் நடந்தாலும் சொல்லத்தான் வேண்டும்.

ஒரு சேதியோடு முடிப்போம். அழிந்துபோன 'பெஷின் புல்வெளி'யின் காட்சித் துண்டுகளிலிருந்து வெட்டியெடுத்த சட்டங்கள் சில, ஐசன்ஸ்டீனின் மனைவி பேரா அடாஷேவாவிடம் பத்திரமாக இருந்தன. 1960-களில் அவற்றை வரிசைப்படுத்தி, அசையாத படங்களாகவே அடுக்கி, அரைமணி நேரப் படம் ஒன்றை உருவாக்கினார்கள். அசைவு இல்லை; ஆயினும் அந்தச் சிறுவனின் முகம் நம்மைப் பார்க்கிறது. ஓடும் ஃபிலிமை அழித்தவர்களுக்கு, அந்தச் சிறு துண்டுகளை எண்ணிப் பார்க்கத் தோன்றவில்லை.