கடன்பட்ட நிலமும் மூன்று திராட்சை ரகங்களும்: பெத்தினோ ரிகாசொலியின் வாழ்க்கை

இத்தாலியின் டஸ்கனி பகுதியில் புளோரன்ஸ், சியெனா என்று இரண்டு பழைய நகரங்கள் இருக்கின்றன. அவற்றுக்கு நடுவே உள்ள மேட்டுநிலத்துக்குக் கியாந்தி என்று பெயர். காலையில் நகரத்திலிருந்து வேனில் கிளம்பி, வழிகாட்டியுடன் இரண்டு மூன்று திராட்சைப் பண்ணைகளைச் சுற்றிப் பார்த்து, அங்கே தயாராகும் ஒயினை ருசி பார்த்துவிட்டுப் பொழுது சாயும் நேரத்தில் திரும்புவது அங்கே வரும் வெளியூர்க்காரர்களின் வழக்கம். ருசி பார்ப்பது என்றால் வயிறு நிறையக் குடிப்பது அல்ல. கோப்பையில் இரண்டு மூன்று வாய் அளவுக்குத்தான் ஊற்றுவார்கள். வெள்ளைத் தாளுக்கு மேலே சாய்த்து நிறம் பார்ப்பார்கள். சுழற்றி முகர்ந்து பார்ப்பார்கள். பிறகு ஒரு வாய் எடுத்து நாக்கில் புரட்டுவார்கள். விவரம் தெரிந்த பலர் அதையும் பக்கத்தில் வைத்திருக்கும் பாத்திரத்தில் துப்பிவிடுவார்கள். நெல்லைக் கடித்துப் பார்த்துக் காய்ச்சல் போதுமா என்று சொல்கிற நம் பெரியவர்களுக்கு இது புரியும். நாக்கும் பல்லும் விளைபொருளை அளக்கும் கருவிகள்தானே.

இந்தச் சுற்றுலாவில் அடிக்கடி இடம்பெறும் பண்ணை புரோலியோ. சியெனாவிலிருந்து சுமார் 20 கிலோமீட்டர் தூரம். குன்றின் மேல் கோட்டை, கீழே கொடி வரிசைகள், அதற்கப்பால் காடு. 1141ஆம் ஆண்டு முதல் இந்த இடம் ரிகாசொலி குடும்பத்தின் பெயரோடு சேர்ந்து வருகிறது. இன்று பண்ணையின் மொத்தப் பரப்பு சுமார் 1,200 ஹெக்டேர். அதில் திராட்சை மட்டும் சுமார் 240 ஹெக்டேர், அதாவது 600 ஏக்கருக்குச் சற்றுக் குறைவு. இங்கே வரும் வழிகாட்டிகள் ஒரு பெயரைச் சொல்லாமல் போவதில்லை. அது பெத்தினோ ரிகாசொலி. இத்தாலியின் பிரதமராக இரண்டு முறை இருந்தவர். ஆனால் கியாந்தி விவசாயிகள் அவரை நினைப்பது வேறு காரணத்துக்காக.

பெரிய பெயர், பெரிய கடன்

பெத்தினோ 1809 மார்ச் 9 அன்று புளோரன்ஸில் ஒரு பிரபு குடும்பத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே தந்தை இறந்தார். 18 வயது ஆகும்போது தாயும் இல்லை. சொத்து இருந்தது, அதன் மேல் கடனும் கழுத்து வரை இருந்தது. பொறுப்பை ஏற்கச் சட்டப்படி வயது போதவில்லை. டஸ்கனி அப்போது தனி நாடு. அதை ஆண்ட கோமகன் தனி ஆணை போட்டு, இந்த இளைஞரை வயது வந்தவராக அறிவித்தார். தம்பிகளுக்கும் அவரே பாதுகாவலர் ஆனார். படிப்பு பாதியில் நின்றது.

1830இல் அன்னா பொனக்கோர்சி என்பவரை மணந்தார். எலிசபெத்தா என்ற மகள் பிறந்தாள். 1830களின் இறுதியில் நகர வாழ்க்கையை விட்டுக் குடும்பத்தோடு புரோலியோவுக்குக் குடிபோனார். ஒரு நடன விருந்தில் யாரோ தன் மனைவியிடம் அதிக அக்கறை காட்டியதைப் பொறுக்காமல், அன்றிரவே வண்டியில் ஏற்றி அழைத்து வந்துவிட்டார் என்று ஒரு கதை உண்டு. சுற்றுலா வருகிறவர்களுக்கு இந்தக் கதை பிடிக்கும். கடன் புத்தகத்தைப் பார்க்கிற எந்த விவசாயியும் வேறு காரணம் தேட வேண்டியதில்லை. நிலத்துக்காரர் நகரத்தில் இருந்தால் நிலம் காரியக்காரர் கையில்தான் இருக்கும்.

அன்றைய டஸ்கனியில் நிலம் பெரும்பாலும் வாரத்துக்கு விடப்பட்டிருந்தது. நிலமும் குடியிருக்கும் வீடும் பண்ணையாருடையவை. உழைப்பு குடியானவர் குடும்பத்துடையது. விளைச்சலில் ஆளுக்குப் பாதி. ஒவ்வொரு குடும்பத்தின் பங்கிலும் கோதுமை, ஆலிவ், திராட்சை, மாடு எல்லாம் கொஞ்சம் கொஞ்சம் இருக்கும். திராட்சைக்குத் தனித் தோட்டம் கிடையாது. வயலின் ஓரத்திலும் நடுவிலும் மேப்பிள் மரங்களை வரிசையாக நட்டு, அவற்றின் மேல் கொடியை ஏற்றிவிடுவார்கள். இடையில் கோதுமை விதைப்பார்கள். வாரதாரர் பக்கம் நின்று பார்த்தால் இது புத்திசாலித்தனமான ஏற்பாடுதான். வீட்டுக்கு முதலில் ரொட்டி வேண்டும், பிறகுதான் ஒயின். மரத்தின் தழை மாட்டுக்கு, சுள்ளி அடுப்புக்கு.

சிக்கல் பழத்தில்தான் தெரியும். நிழலில் வளரும் கொடியில் பழம் சீராகப் பழுக்காது. பல ரகங்கள் கலந்து நின்றதால் முன்னே பழுப்பதும் பின்னே பழுப்பதும் ஒன்றாக அறுவடையாகி, ஒரே தொட்டியில் நொதிக்கப் போகும். இந்த ஆண்டு ஒரு ருசி, அடுத்த ஆண்டு வேறு ருசி. அப்படிப்பட்ட சரக்குக்கு உள்ளூர்ச் சந்தை தாண்டி விலை கிடைக்காது. 1716இலேயே கியாந்தியின் எல்லையைக் குறித்து அரசாணை வந்திருந்தது. எல்லை இருந்தது, ஆனால் அந்த எல்லைக்குள் எந்த ரகம், எந்த முறை என்பதில் ஒழுங்கு இல்லை.

கண்டிப்பான பண்ணையார்

ரிகாசொலி புரோலியோவில் தங்கிச் செய்த முதல் வேலை கணக்கையும் வேலை முறையையும் ஒழுங்குபடுத்தியது. 1843இல் பண்ணைக்கென்று விவசாய விதிகளை எழுதினார். ஞாயிற்றுக்கிழமைகளில் குடியானவர்களையும் அவர்கள் பிள்ளைகளையும் உட்காரவைத்துப் பாடம் நடத்தினார். பயிர்த்தொழில், கடவுள் பக்தி, நல்லொழுக்கம் எல்லாம் அதில் கலந்திருந்தன. புளோரன்ஸில் 1753இல் தொடங்கிய ஜியோர்கோஃபிலி என்ற வேளாண் கழகத்திலும் அவர் உறுப்பினர். தோட்டத்தில் கண்டதை அறிஞர்களோடு பேசுவார், அங்கே கேட்டதைத் தோட்டத்தில் செய்து பார்ப்பார்.

அவருடைய கண்டிப்பைப் பாராட்டி எழுதுபவர்கள் ஒன்றை எளிதில் கடந்துவிடுகிறார்கள். வாரதாரருக்குப் பேச்சுரிமை குறைவு. ஒப்பந்தம் முறிந்தால் நிலத்தோடு வீடும் போய்விடும். புதுமுறை தோற்றால் அரைப்பங்கு நட்டம் குடியானவர் தலையில்தான். ரிகாசொலி எடுத்த ஒவ்வொரு சோதனைக்கும் வெயிலில் நின்றவர்கள் அவர்கள். அவர்களில் ஒருவர் பெயரும் கோட்டைச் சுற்றுலாவில் கேட்கக் கிடைக்காது.

அவரே போன சுற்றுப்பயணம்

1851இல் ரிகாசொலி பிரான்ஸின் திராட்சைப் பகுதிகளுக்குப் பயணம் போனார். இன்று கியாந்திக்கு மக்கள் பொழுதுபோக்காகப் போவது போல அல்ல. அயல்நாட்டு ஒயின் ஏன் நல்ல விலைக்குப் போகிறது, தன்னுடையது ஏன் போவதில்லை என்ற கேள்வியோடு போனார். நடவு, கவாத்து, நொதிக்கவைத்தல், பீப்பாயில் வைத்திருத்தல் எல்லாவற்றையும் பார்த்துக் குறித்துக்கொண்டார்.

அவர் கேள்விக்கு விடை தேடிக்கொண்டிருந்த அதே காலத்தில்தான் டஸ்கனித் திராட்சையில் சாம்பல் நோய் புகுந்தது. இலையிலும் பிஞ்சிலும் வெள்ளைப் பொடி தூவியது போல் படர்ந்து, காய் வெடித்துக் காய்ந்துபோகும் நோய். திராட்சை பயிரிடும் எவருக்கும் இதைப் பற்றி விளக்கத் தேவையில்லை. ஐரோப்பாவில் அப்போது அது புதிது. பல ஆண்டுகள் மகசூல் படுத்துவிட்டது. கந்தகத் தூள் தூவினால் கட்டுப்படும் என்பது அந்தப் பத்தாண்டுகளில்தான் பரவலாகத் தெரியவந்தது. இன்றும் நாம் பயன்படுத்தும் அதே மருந்து. 1852இல் மனைவி அன்னாவும் இறந்தார். மகளும் தோட்டமும் அவருக்கு மிஞ்சின.

1850களில் டஸ்கனியின் கடலோரச் சமவெளியான மரெம்மாவில் கிரொசெத்தோ நகருக்குப் பக்கத்தில் நிலம் வாங்கி, இயந்திரங்கள் வைத்துப் பயிரிட்டுப் பார்த்தார். மலேரியாவுக்குப் பேர்போன இடம் அது, அறுவடைக்கு ஆள் கிடைப்பது கடினம். திராட்சைக் கதையில் அந்தப் பண்ணைக்குப் பெரிய இடமில்லை. ஆனால் கை வைத்துப் பார்க்காமல் நம்பாத மனிதர் என்பது அதில் தெரிகிறது.

மூன்று ரகங்கள்

புரோலியோவில் அவருடைய நெடுநாள் வேலை ரகத்தேர்வு. இளம் வயதில் தொடங்கி 30 ஆண்டுகளுக்கும் மேல் செய்தார். பல ரகங்களைக் குறைத்துக் குறைத்துச் சிலவற்றுக்குக் கொண்டுவந்தார். அதன் முடிவை 1872இல் பைசா பல்கலைக்கழகப் பேராசிரியர் செசாரே ஸ்டுதியாத்திக்கு எழுதிய கடிதத்தில் விளக்கினார்.

சாஞ்சொவேசே என்ற கருந்திராட்சை ஒயினுக்கு மணத்தின் பெரும்பகுதியையும் வீரியத்தையும் தருகிறது. கனயோலோ என்ற இன்னொரு கருந்திராட்சை, முதல் ரகத்தின் கரகரப்பைத் தணித்து மென்மை தருகிறது. தனக்கும் மணம் இருப்பதால் முதல் ரகத்தின் மணத்தைக் கெடுப்பதில்லை. மூன்றாவதான மால்வாசியா வெள்ளைத் திராட்சை. அது கலவையை நீர்க்கவைத்து இலேசாக்கும், சீக்கிரம் குடிக்கத் தயாராக்கும். அன்றாடச் சாப்பாட்டுக்கான ஒயினுக்கு அது உதவும். பல ஆண்டு பழக வைக்கும் ஒயினுக்கு அது இல்லாமலே செய்யலாம்.

சாதாரணமாகப் படித்தால் ஒரு சமையல் குறிப்பு போல இருக்கும். ஆனால் அதுவரை கியாந்தியில் கனயோலோதான் முன்னால் நின்றது. சாஞ்சொவேசேயை முதலிடத்துக்குக் கொண்டுவந்தது பெரிய மாற்றம். அது தாமதமாகப் பழுக்கும், புளிப்பும் துவர்ப்பும் அதிகம், நல்ல வெயில் படும் சரிவு கேட்கும். விளைச்சலையும் சுலபத்தையும் மட்டும் பார்க்கிறவர் அதைத் தேர்ந்தெடுக்க மாட்டார். இது எதற்குப் போகிற சரக்கு, இன்றைக்கு விற்கவா, இருப்பு வைத்து விற்கவா என்று முதலில் கேட்டுவிட்டு, அதன்படி ரகத்தை முடிவு செய்ததுதான் அந்தக் கடிதத்தில் விவசாயிக்கு உள்ள சரக்கு. ஊறுகாய்க்கு ஒரு மாங்காய், பழமாக விற்க ஒரு மாங்காய் என்று வைக்கிற நமக்கும் இது தெரிந்த கணக்கு.

ரகச் சோதனை செய்ய விரும்புகிறவர்கள் ஒன்றைக் கவனிக்கலாம். வரிசை தோறும் ரகப் பெயரையும் நட்ட ஆண்டையும் எழுதி வையுங்கள். ஒவ்வொரு ரகத்தின் பழத்தையும் தனியாக அறுத்து, தனியாக எடை போட்டு, தனியாக விற்றுப் பாருங்கள். கலந்துவிட்டால் எது லாபம் தந்தது, எது இழுத்தது என்று பத்து ஆண்டு ஆனாலும் தெரியாது.

அரசியல்

1847இல் நண்பர்களோடு ஒரு செய்தித்தாள் தொடங்கினார். அடுத்து புளோரன்ஸ் நகரின் தலைவர் ஆனார். 1859 ஏப்ரலில் டஸ்கனியின் கோமகன் நாட்டை விட்டுப் போனபின், ஆட்சிப் பொறுப்பு ரிகாசொலியின் கைக்கு வந்தது. 1860 மார்ச்சில் மக்கள் வாக்களித்து டஸ்கனியைப் புதிய இத்தாலியோடு இணைத்தார்கள். 1861 ஜூனில் முதல் பிரதமர் கவூர் இறந்ததும் ரிகாசொலி பிரதமரானார். 1862 மார்ச்சில் விலகினார். 1866 ஜூன் முதல் 1867 ஏப்ரல் வரை மீண்டும் பதவியில் இருந்தார். வெனிஸ் பகுதி இத்தாலியோடு சேர்ந்தது அப்போதுதான். வளைந்து கொடுக்காத குணத்தால் அவரை இரும்புப் பிரபு என்று அழைத்தார்கள். மூன்று ரகங்களைப் பற்றிய கடிதம் இவ்வளவுக்கும் பிறகு எழுதியது. 1880 அக்டோபர் 23 அன்று புரோலியோவிலேயே இறந்தார்.

கடிதத்துக்கு நேர்ந்தது

20ஆம் நூற்றாண்டில் கியாந்தி என்ற பெயருக்குக் கிராக்கி கூடியது. புல் பின்னிய குடுவையில் மலிவான ஒயின் உலகெங்கும் போனது. 1967இல் அரசு கியாந்திக்குத் தர விதி வகுத்தபோது, வெள்ளைத் திராட்சை 10 முதல் 30 சதவீதம் கலந்தே ஆக வேண்டும் என்று சட்டம் ஆனது. பழக வைக்கும் ஒயினுக்குத் தேவையில்லை என்று ரிகாசொலி ஒதுக்கிய பொருள் இப்போது கட்டாயம். போதாக்குறைக்கு மால்வாசியாவோடு திரெபியானோ என்ற வெள்ளை ரகமும் நுழைந்தது. அது கொத்துக் கொத்தாகக் காய்க்கும், மணம் குறைவு. ஒயின் நீர்த்தது, பெயரும் நீர்த்தது. வெள்ளை கலக்காமல் நல்ல சரக்கு செய்தவர்கள் கியாந்தி என்ற பெயரையே விட்டுவிட்டு, மிகச் சாதாரண வகை என்ற முத்திரையோடு விற்க வேண்டியிருந்தது. வேடிக்கை என்னவென்றால், அவற்றுக்குத்தான் பிறகு விலை ஏறியது.

சட்டம் மெதுவாகத் திருந்தியது. கியாந்தி கிளாசிக்கோ எனப்படும் பழைய நடுப்பகுதியில் 2006 அறுவடை முதல் வெள்ளைத் திராட்சைக்கு இடமில்லை. சாஞ்சொவேசே குறைந்தது 80 சதவீதம் இருக்க வேண்டும். ரிசெர்வா என்று போட்ட புட்டி 24 மாதம் பழகியிருக்க வேண்டும். கழுத்தில் உள்ள கருஞ்சேவல் முத்திரை, 1924இல் அங்குள்ள உற்பத்தியாளர்கள் கூடி அமைத்த சங்கத்தின் சின்னம்.

புரோலியோவின் ஒயின் வியாபாரம் இதற்கிடையில் வெளிநாட்டு நிறுவனங்கள் கைக்குப் போனது. பெத்தினோ கடனிலிருந்து மீட்ட பெயர் இன்னொருவர் புட்டியில் ஒட்டப்பட்டது. 1993இல்தான் குடும்பத்தார் அதைத் திரும்ப வாங்கினார்கள். வந்ததும் பழைய கொடிகளைப் பிடுங்கி வரிசை வரிசையாக மறுநடவு செய்தார்கள், மண்ணை இடம் இடமாகச் சோதித்தார்கள், புரோலியோவில் நெடுநாள் நின்ற சாஞ்சொவேசே கொடிகளிலிருந்தே நல்லவற்றைப் பொறுக்கிக் கன்று பெருக்கினார்கள். வேனில் வந்து இறங்குகிறவர்கள் இன்று அங்கே ருசி பார்ப்பது பெரும்பாலும் அந்த மறுநடவில் விளைந்த பழத்தைத்தான்.