வளைகோற்பந்து வேந்தர் தியான் சந்த்



விளையாட்டுத் திடலில் புள்ளிகள் மழையெனப் பொழிந்த ஆட்டங்கள் உலக வரலாற்றில் சில உண்டு. கூடைப்பந்து விளையாட்டில், 1962ஆம் ஆண்டு மார்ச் மாதம் 2ஆம் நாள், வில்ட் சேம்பர்லின் என்னும் அமெரிக்க வீரர் ஒரே ஆட்டத்தில் தனியொருவராக 100 புள்ளிகளைப் பெற்றார். 1983ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 13ஆம் நாள், டெட்ராய்ட் அணி 186க்கு 184 என்னும் கணக்கில் டென்வர் அணியை வென்றது. இவை கேட்போரை வியக்க வைக்கும் செய்திகளே. ஆயினும் கூடைப்பந்தில் அடுத்தடுத்துப் புள்ளிகள் விழுவது இயல்பு. ஹாக்கி எனப்படும் வளைகோற்பந்தோ அத்தகையதன்று. அதில் இரண்டு கோல், மூன்று கோல் பெறுவதற்கே வீரர்கள் வியர்வை சிந்த வேண்டும். அத்தகைய விளையாட்டில், உலகம் கூடிய ஒலிம்பிக் திடலில், ஓர் அணி ஒரே ஆட்டத்தில் 24 கோல்களைப் புகுத்தியது என்றால் நம்ப முடிகிறதா?

அவ்வணி இந்திய அணி. அதன் உயிர்நாடியாக விளங்கியவர் மேஜர் தியான் சந்த். அப்பெருமகனாரின் வாழ்க்கையை இங்குச் சுருக்கமாகக் காண்போம்.

இளமைப் பருவம்

தியான் சந்த் 1905ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் 29ஆம் நாள் அலகாபாத் நகரில் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் தியான் சிங் என்பதாகும். தந்தையார் ஆங்கிலேயரின் இந்தியப் படையில் பணிபுரிந்தவர். படைவீரரின் குடும்பம் ஓரிடத்தில் நிலைத்து வாழ இயலாது. இன்று ஓர் ஊர், நாளை வேறோர் ஊர் என்று அக்குடும்பம் மாறிக்கொண்டே இருந்தது. அதனால் தியான் சிங்கின் கல்வி ஆறாண்டுகளோடு நின்றுபோயிற்று. இறுதியில் அக்குடும்பம் ஜான்சி நகரில் குடியமர்ந்தது.

சிறுவயதில் அவருக்கு வளைகோற்பந்தில் பெரிய நாட்டம் இருந்ததில்லை. மற்போரிலேயே அவருடைய மனம் சென்றது. பிற்காலத்தில் உலகமே போற்றிய வீரர், பிறவியிலேயே கோலும் கையுமாகப் பிறந்தவர் அல்லர் என்பதை நாம் கருத்தில் கொள்ள வேண்டும்.

நிலவொளியில் பயிற்சி

1922ஆம் ஆண்டு, தம் 17ஆம் பிறந்த நாளன்று, அவர் சாதாரணச் சிப்பாயாகப் படையில் சேர்ந்தார். அங்கேதான் வளைகோற்பந்து அவரை ஆட்கொண்டது. சுபேதார் மேஜர் பாலே திவாரி என்பவர் அவருக்கு முதல் ஆசானாக அமைந்து, ஆட்டத்தின் அடிப்படைகளைக் கற்பித்தார்.

சிப்பாயின் பகற்பொழுது கடமைக்கே உரியது. அணிவகுப்பும் காவற்பணியும் முடிந்த பின்னரே அவருக்கு ஓய்வு கிடைக்கும். அக்காலத்தில் திடல்களில் மின்விளக்கு கிடையாது. ஆகவே தியான் சிங், நிலவு புறப்படும் வரை காத்திருந்து, அதன் ஒளியில் பந்தை உருட்டிப் பயின்றார். இந்தி மொழியில் சந்த் என்றால் நிலவு என்று பொருள். நிலவோடு நிலவாக நின்று பயின்றவரைத் தோழர்கள் சந்த் என்றே அழைக்கலாயினர். அப்பெயரே அவருக்கு நிலைத்தது.

விடியுமுன் எழுந்து பிரட்டுக்குச் சென்று, பால்மரங்களிடையே நாளெல்லாம் உழைத்து, மாலையில் களைப்பையும் பாராது திடலுக்கு வந்த தலைமுறையினரை நம் தோட்டங்கள் நன்கு அறியும். அவர்களுக்குத் தியான் சந்தின் உழைப்பு புதியதாகத் தோன்றாது.

கடல் கடந்த புகழ்

1926ஆம் ஆண்டு இந்தியப் படையின் அணி நியூசிலாந்துக்குச் சென்றது. அங்கு ஆடிய 21 ஆட்டங்களில் 18இல் வெற்றி பெற்றது. இரண்டில் சமநிலை கண்டது. ஒன்றில் மட்டுமே தோற்றது. அச்சுற்றுப்பயணத்தில் தியான் சந்தின் திறமை வெளிப்பட்டது. நாடு திரும்பியதும் அவருக்குப் பதவி உயர்வும் கிடைத்தது.

1928ஆம் ஆண்டு ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் போட்டிக்கு இந்திய அணி முதன்முறையாகப் புறப்பட்டது. பம்பாய்த் துறைமுகத்தில் அவர்களை வழியனுப்ப வந்தவர் மூவரே. அடிமை நாட்டு வீரர்கள் எங்கே வெல்லப் போகிறார்கள் என்று பலரும் எண்ணியிருக்கக்கூடும். அவ்வணியில் இந்துக்கள், முஸ்லிம்கள், சீக்கியர்கள், ஆங்கிலோ இந்தியர்கள் எனப் பல சமூகத்தாரும் இடம்பெற்றிருந்தனர். தலைமை தாங்கியவர் பழங்குடி மரபில் வந்த ஜெய்பால் சிங் ஆவார்.

அப்போட்டியில் இந்தியா ஆஸ்திரியாவை 6-0, பெல்ஜியத்தை 9-0, டென்மார்க்கை 5-0, சுவிட்சர்லாந்தை 6-0 என்னும் கணக்குகளில் வென்றது. இறுதி ஆட்டத்தின்போது வீரர் சிலர் நோயுற்றிருந்தனர். தியான் சந்தும் உடல்நலம் குன்றியிருந்தார். இருந்தும் நெதர்லாந்தை 3-0 என வென்று இந்தியா தங்கப் பதக்கம் சூடியது. மொத்தம் 29 கோல்கள். அவற்றுள் தியான் சந்த் அடித்தவை 14. இந்தியாவுக்கு எதிராக ஒரு கோலும் விழவில்லை. மூவர் மட்டுமே வழியனுப்பிய அணியை வரவேற்க, அதே பம்பாய்த் துறைமுகத்தில் மக்கள் வெள்ளமெனத் திரண்டனர்.

இருபத்து நான்கு கோல்கள்

1932ஆம் ஆண்டு ஒலிம்பிக் போட்டி அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் நடைபெற்றது. உலகெங்கும் பொருளாதார நெருக்கடி நிலவிய காலம் அது. நெடுந்தொலைவுப் பயணச் செலவுக்கு அஞ்சிப் பல நாடுகள் வரவில்லை. வளைகோற்பந்தில் இந்தியா, ஜப்பான், அமெரிக்கா ஆகிய மூன்று அணிகளே பங்குபெற்றன. இந்திய அணி வழியில் கொழும்பில் இறங்கி, இலங்கை அணியோடு இரண்டு ஆட்டங்கள் ஆடி, 20-0, 10-0 என்று வென்றது. மே மாத இறுதியில் கப்பலேறியவர்கள் ஜூலை மாதத் தொடக்கத்தில்தான் அமெரிக்காவை அடைந்தனர்.

ஆகஸ்ட் 4ஆம் நாள் ஜப்பானை 11-1 என இந்தியா வென்றது. ஆகஸ்ட் 11ஆம் நாள் அமெரிக்காவை எதிர்கொண்டது. அன்று நிகழ்ந்ததே வரலாறு. இந்தியா 24, அமெரிக்கா 1 என்று ஆட்டம் முடிந்தது. ஒலிம்பிக் ஆடவர் வளைகோற்பந்தில் ஓர் அணி ஓர் ஆட்டத்தில் பெற்ற மிக அதிகமான கோல் எண்ணிக்கை இன்றளவும் அதுவே.

மாணவர்களே, சற்றுக் கணக்குப் போட்டுப் பாருங்கள். அக்காலத்தில் ஓர் ஆட்டம் 70 நிமிடம் நடைபெறும். 70ஐ 24ஆல் வகுத்தால் என்ன விடை வருகிறது? ஏறக்குறைய மூன்று நிமிடத்திற்கு ஒரு கோல்! கோல் விழுந்தபின் பந்தை நடுத்திடலுக்குக் கொண்டு சென்று மீண்டும் தொடங்கும் நேரமும் இதில் அடங்கும்.

அந்த 24 கோல்களில் மிகுதியானவற்றை அடித்தவர் தியான் சந்த் அல்லர். அவருடைய தம்பி ரூப் சிங். தம்பி 10 கோல்களும் அண்ணன் 8 கோல்களும் அடித்தனர். குர்மித் சிங் ஐந்தும் பின்னிகர் ஒன்றும் அடித்தனர். தம் கோலுக்குப் பந்து வந்ததும், தம்மைவிட நல்ல இடத்தில் யார் நிற்கிறார் என்று பார்த்து அவருக்கு அனுப்புவது தியான் சந்தின் வழக்கம். பந்து கைமாறக் கைமாறத்தான் கோல் விழும். ஒருவரே கட்டிப்பிடித்துக் கொண்டிருந்தால் விழாது.

தோற்ற அமெரிக்கரையும் நாம் இகழ்தல் ஆகாது. அந்நாட்டு ஆடவரிடையே அவ்விளையாட்டு இன்னும் வேரூன்றாத காலம் அது. கோல்கள் குவிந்துகொண்டே போனபோதும் அவர்கள் திடலை விட்டு ஓடிவிடவில்லை. இறுதிவரை நின்று ஆடி, ஒரு கோலையும் அடித்தனர். வெண்கலப் பதக்கமும் பெற்றனர்.

அவ்வாண்டுப் பயணம் முழுவதும் இந்திய அணி 37 ஆட்டங்களில் 338 கோல்களை அடித்தது. அவற்றுள் 133 தியான் சந்த் அடித்தவை. அவருடைய கோலில் காந்தம் உள்ளதோ, பசை உள்ளதோ என்று ஐயுற்றனர் எனப் பல கதைகள் மக்களிடையே வழங்குகின்றன. அக்கதைகள் ஒருபுறம் இருக்கட்டும். ஏட்டில் பதிவான இக்கணக்கே நமக்குப் போதும்.

ஒரே ஒரு கோல்

இவ்வளவு கோல்களைக் கண்டவர், தம் வாழ்வில் சிறந்த ஆட்டம் என்று எதைக் கருதினார்? இருபத்து நான்கு கோல் ஆட்டத்தையா? இல்லை. 1933ஆம் ஆண்டு கல்கத்தாவில் நடந்த பெய்ட்டன் கிண்ண இறுதி ஆட்டத்தையே அவர் முதலிடத்தில் வைத்தார். அதில் அவருடைய சொந்த ஊர் அணியான ஜான்சி வீரர் குழு, வலிமை மிக்க கல்கத்தா சுங்கத்துறை அணியை எதிர்த்து ஆடியது. எதிரணியினர் விடாது தாக்கினர். ஒரு சமயம் நடுத்திடலிலிருந்து தியான் சந்த் நீளமாக அனுப்பிய பந்தை இஸ்மாயில் என்னும் வீரர் வேகமாகக் கொண்டு சென்று கோலாக்கினார். அந்த ஆட்டத்தின் ஒரே கோல் அதுதான்.

எண்ணிப் பாருங்கள்! தாம் கோல் அடிக்காத, ஒரே ஒரு கோல் விழுந்த ஆட்டத்தை அவர் தலைசிறந்ததாகப் போற்றினார். எதிரி வலிமையானவராக இருக்கும்போது பெறும் சிறிய வெற்றி, எளிதாகப் பெறும் பெரிய வெற்றியினும் உயர்ந்தது என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

பெர்லின் நகரில்

1936ஆம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக் போட்டியில் தியான் சந்தே அணித்தலைவர். போட்டி தொடங்குமுன் நடந்த பயிற்சி ஆட்டத்தில் இந்தியா 1-4 எனச் செருமானியரிடம் தோற்றது. அத்தோல்வி அவரது உறக்கத்தைக் கெடுத்தது. குறையை மூடி மறைக்காமல், தாயகத்திலிருந்து தாரா என்னும் வீரரை உடனே வரவழைக்க ஏற்பாடு செய்யப்பட்டது.

போட்டியில் ஹங்கேரி, அமெரிக்கா, ஜப்பான், பிரான்சு ஆகிய நாடுகளை இந்தியா வென்றது. இறுதி ஆட்டத்தில் மீண்டும் ஜெர்மனியையே எதிர்கொள்ள நேர்ந்தது. மழையால் ஒரு நாள் தள்ளிவைக்கப்பட்ட அவ்வாட்டம் ஆகஸ்ட் 15ஆம் நாள் நடைபெற்றது. திடலுக்குள் செல்லுமுன் வீரர்கள் உடைமாற்றும் அறையில் காங்கிரசின் மூவர்ணக் கொடிக்கு வணக்கம் செலுத்தினர். முற்பாதியில் ஒரே ஒரு கோல்தான் விழுந்தது. ஈரத்திடலில் வழுக்குவதைக் கண்ட தியான் சந்த், பிற்பாதியில் முள்ளடிக் காலணிகளைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடு ஆடினார். ஆட்டம் 8-1 என இந்தியாவின் வெற்றியாக முடிந்தது. பதினோர் ஆண்டுகளுக்குப் பின், 1947இல், அதே ஆகஸ்ட் 15ஆம் நாளில் இந்தியா விடுதலை பெற்றது.

மூன்று ஒலிம்பிக் போட்டிகளிலும் சேர்த்து இந்தியா ஆடியவை 12 ஆட்டங்கள். அடித்தவை 102 கோல்கள். வாங்கியவை மூன்றே கோல்கள்! இரண்டாம் உலகப் போர் மூண்டதால் 1940, 1944ஆம் ஆண்டுகளில் ஒலிம்பிக் போட்டிகள் நடைபெறவில்லை. இல்லையேல் இக்கணக்கு இன்னும் உயர்ந்திருக்கலாம்.

தந்தையும் மகனும்

1952ஆம் ஆண்டு அவருடைய தன்வரலாற்று நூல் நம் தமிழ் மண்ணின் தலைநகராம் சென்னையிலிருந்து வெளியாயிற்று. 1956ஆம் ஆண்டு அவர் படையிலிருந்து ஓய்வு பெற்றார். அவ்வாண்டே பத்மபூஷண் விருது அவருக்கு அளிக்கப்பட்டது. பின்னர்ப் பாட்டியாலாவில் உள்ள தேசிய விளையாட்டுக் கழகத்தில் பயிற்றுநராகவும் பணியாற்றினார்.

ஆயினும் புகழ் வயிற்றை நிரப்பவில்லை. விளையாட்டால் பொருள் வரவில்லை என்பதைத் தம் வாழ்விலேயே கண்ட அவர், தம் பிள்ளைகள் வளைகோற்பந்து ஆடுவதை விரும்பவில்லை, தடுக்கவும் செய்தார். பிள்ளைகளின் எதிர்காலத்தை எண்ணிக் கவலைப்படும் நம் பெற்றோர்களுக்கு அத்தந்தையின் உள்ளம் நன்கு புரியும்.

ஆனால் மகன் அசோக் குமார் விளையாட்டை விடவில்லை. 1975ஆம் ஆண்டு மார்ச் மாதம் உலகக் கிண்ண வளைகோற்பந்துப் போட்டி நம் கோலாலம்பூரில் நடைபெற்றது. அரையிறுதியில் நம் மலேசிய அணி இந்தியாவை எதிர்த்து வீரத்தோடு ஆடி, 2-3 என்னும் கணக்கில் தோற்றது. இறுதி ஆட்டத்தில் இந்தியா பாகிஸ்தானை 2-1 என வென்றது. அந்த வெற்றிக் கோலை அடித்தவர் வேறு யாருமல்லர். தியான் சந்தின் மகன் அசோக் குமாரே! தந்தை பெயரை மகன் நம் நாட்டு மண்ணில் நிலைநாட்டினார் என்பது நமக்கும் பெருமையன்றோ?

இறுதிக் காலம்

முதுமையில் தியான் சந்த் பொருள் வசதியின்றி ஜான்சியில் வாழ்ந்தார். ஈரல் புற்றுநோய் அவரைப் பற்றியது. 1979ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 3ஆம் நாள் டில்லி மருத்துவமனையில் இயற்கை எய்தினார். அவர் ஓடி ஆடிய ஜான்சித் திடலிலேயே அவருடைய உடல் எரியூட்டப்பட்டது.

இன்று அவர் பிறந்த ஆகஸ்ட் 29ஆம் நாள் இந்தியாவில் தேசிய விளையாட்டு நாளாகக் கொண்டாடப்படுகிறது. டில்லியில் உள்ள தேசிய விளையாட்டரங்கம் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. அந்நாட்டின் மிக உயர்ந்த விளையாட்டு விருதுக்கு 2021ஆம் ஆண்டு அவருடைய பெயர் சூட்டப்பட்டது. இவை யாவும் சிறப்பே. ஆயினும் வாழும்போது ஒருவரைத் தாங்குவதே அவருக்குச் செய்யும் உண்மையான சிறப்பாகும். நம் வட்டாரத்திலும் ஒரு காலத்தில் திடல்களில் புகழ் பெற்று, இன்று முதுமையில் தனித்திருப்போர் இருக்கலாம். அவர்களைத் தேடிச் சென்று நலம் கேட்போமாக.

மாணவ மணிகளே! தியான் சந்துக்கு ஆறாண்டுக் கல்வியே வாய்த்தது. உங்களுக்கோ பள்ளி அருகில் இருக்கிறது, ஆசிரியர்கள் இருக்கிறார்கள், பாடு பட்டுப் படிக்க வைக்கும் பெற்றோர் இருக்கிறார்கள். காலையில் கருத்தோடு கல்வி கற்று, மாலையில் திடலில் இறங்கி விளையாடுங்கள். நல்ல காலணி இல்லையே, நல்ல திடல் இல்லையே என்று மனம் தளராதீர்கள். பந்து உங்களிடம் வரும்போது, கோலுக்கு அருகில் நிற்கும் தோழனையும் ஒரு முறை நிமிர்ந்து பாருங்கள். வாழ்க தியான் சந்தின் புகழ்!