முதல்வர் நாற்காலியில் இருக்கும்போதே கோர்ட் அவமதிப்பில் தண்டனை... ஈ.எம்.எஸ். வழக்கில் நடந்தது என்ன?

பெரம்பலூர், அரியலூர் பக்கம் பட்டா கேஸ், நில இழப்பீட்டு கேஸ்களில் ஜெயித்தவர்களுக்குப் பழக்கமான வார்த்தை 'கண்டெம்ப்ட்'. உத்தரவு கையில் இருக்கும். ஆபீஸில் ஃபைல் நகராது. அதிகாரி மேல் அவமதிப்பு கேஸ் போட்டால் நிற்குமா? இந்தக் கேள்வியோடு ஒரு முதலமைச்சரின் கதையைப் பார்க்கலாம்.

ஏலங்குளம் மனக்கல் சங்கரன் நம்பூதிரிபாடு, சுருக்கமாக ஈ.எம்.எஸ்., 1909 ஜூன் 13-ல் பிறந்தவர். சொந்த ஊர் பெரிந்தல்மண்ணா அருகே. அப்போது அது மெட்ராஸ் மாகாணத்தின் மலபார் மாவட்டம். பெரிய நிலக்கிழார் குடும்பம். காலேஜ் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு சத்தியாகிரகத்துக்குப் போனார், ஜெயிலுக்கும் போனார். பிறகு கம்யூனிஸ்ட் ஆனார். தன் பங்குச் சொத்தைக் கட்சிக்கே கொடுத்தார். பேச்சில் திக்குவாய் உண்டு, ஆனாலும் மேடையை விடவில்லை. 1957-ல் கேரளத்தின் முதல் முதலமைச்சர். 1959 ஜூலை 31-ல் ஆட்சி கலைக்கப்பட்டது. 1967-ல் மறுபடியும் முதல்வர்.

சிக்க வைத்த பிரஸ் மீட்

1967 நவம்பர் 9. திருவனந்தபுரத்தில் பத்திரிகையாளர் சந்திப்பு. நீதித்துறை ஒடுக்குமுறைக் கருவி என்றும், சாட்சியம் சமமாக இருந்தால் நன்றாக உடுத்திய பணக்காரர் பக்கமே நீதிபதி இயல்பாகச் சாய்வார் என்றும் பேசினார். விஷயம் கேரள ஹைகோர்ட்டுக்குப் போனது.

இங்கேதான் சுவாரஸ்யம். அவர் அப்படிப் பேசினாரா என்பதே பெரிய சண்டையாகவில்லை. செய்தி பெரும்பாலும் சரிதான் என்று அவரே ஒப்புக்கொண்டார். இது மார்க்சியக் கருத்து, கோர்ட்டை இழிவுபடுத்தும் நோக்கம் இல்லை என்பதுதான் அவர் வாதம். 1968-ல் 3 நீதிபதிகளில் 2 பேர் குற்றவாளி என்றார்கள். 1,000 ரூபாய் அபராதம், கட்டாவிட்டால் ஒரு மாதம் சிறை. மாறுபட்டவர் நீதிபதி கே.கே.மேத்யூ, பின்னாளில் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனவர்.

அப்பீலில் ஈ.எம்.எஸ்.ஸுக்காக வாதாடியவர் வி.கே.கிருஷ்ண மேனன். 1970 ஜூலை 31-ல் (ஆட்சி போன அதே தேதி!) தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா அமர்வு தண்டனையை உறுதி செய்தது. மார்க்ஸ் சொன்னதையே அவர் தவறாகப் புரிந்துகொண்டார் என்பது கோர்ட்டின் பார்வை. அபராதம் மட்டும் 50 ரூபாயாகக் குறைந்தது. அப்போது அவர் முதல்வர் பதவியில் இல்லை. 1998 மார்ச் 19-ல் காலமானார்.

தாசில்தார் மேல் கேஸ் என்றால்?

ஈ.எம்.எஸ். மீதானது 'கிரிமினல்' வகை. உத்தரவை அதிகாரி நிறைவேற்றாதது 'சிவில்' வகை. இப்போது இரண்டுக்கும் 1971-ம் வருட சட்டம்தான். தாமதம் என்று காட்டினால் மட்டும் போதாது. உத்தரவு அவர் கைக்குப் போனது, செய்ய முடிந்தும் வேண்டுமென்றே செய்யவில்லை, இரண்டையும் காட்டணும். உத்தரவின் வாசகம் குழப்பமாக இருந்தால் சந்தேகத்தின் பலன் அதிகாரிக்குத்தான். அதனால் உத்தரவு நகலைத் தபாலில் அனுப்பி, அது போய்ச் சேர்ந்ததற்கான ஆதாரத்தைப் பத்திரமாக வைத்திருங்கள். அதிகபட்ச தண்டனை 6 மாதம் சிறை, 2,000 ரூபாய் அபராதம். மன்னிப்பு கேட்டு கோர்ட் ஏற்றால் அதுவும் இல்லை. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போடணும். ஹைகோர்ட் உத்தரவு என்றால், இந்த இரண்டு மாவட்டத்துக்காரர்களும் போக வேண்டியது மதுரைக் கிளைக்கு அல்ல, சென்னைக்கு.