படம் இல்லாத திருச்சுழிப் பையன்

ரமண மகரிஷியின் படத்தைப் பார்க்காதவர் தமிழ்நாட்டில் குறைவு. நரைத்த தாடி, கோவணம், கருணை பொழியும் கண்கள்! அவர் கைத்தடியுடன் நடந்து வருவது சினிமாச் சுருளிலும் பதிவாகியிருக்கிறது. ஆனால் அவருடைய பிள்ளைப் பருவப் படம் நமக்குக் கிடைக்கவில்லை. உள்ளவற்றில் மிகப் பழைய படமே அவர் வாலிபராகித் துறவு பூண்ட பின் எடுத்ததுதான்.

அருப்புக்கோட்டைக்கு அருகே, வானம் பார்த்த பூமியில் உள்ளது திருச்சுழி. அங்கே 1879-ம் ஆண்டு டிசம்பர் 30-ந் தேதி, ஆருத்ரா தரிசன இரவில் அவர் பிறந்தார். தந்தை சுந்தரமய்யர் வக்கீல் தொழில் செய்தவர். தாய் அழகம்மாள். பையனின் பெயர் வேங்கடராமன். அவர் பிறந்த வீடு இன்று சுந்தர மந்திரம் என்ற பெயருடன் விளங்குகிறது.

1892-ல் தந்தை இறந்தார். பையன் மதுரையில் சித்தப்பா வீட்டில் தங்கிப் படித்தான். 1896 ஆகஸ்டு 29-ந் தேதி, வீட்டில் ஒரு கடிதத்தை வைத்துவிட்டு வெளியேறினான். அண்ணனின் காலேஜ் சம்பளத்துக்கான ஐந்து ரூபாயில் மூன்றை மட்டும் எடுத்துக்கொண்டான். கடிதத்தின் கீழே கையெழுத்து இல்லை. வெறும் கோடுதான் இருந்தது!

செப்டம்பர் 1-ந் தேதி திருவண்ணாமலை போய்ச் சேர்ந்தான். பிறகு பேச்சே இல்லை. அந்த இளம் சாமியார் யார் என்று ஊருக்குத் தெரியவில்லை. தாலுகா கச்சேரி ஊழியர் ஒருவர், பெயரும் ஊரும் தெரியாமல் சாப்பிடமாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தார். வேறு வழியின்றி வேங்கடராமன், திருச்சுழி என்று எழுதிக் காட்டினார் சாமியார். அப்படி ஓர் ஊர் உண்டா என்று ஊழியர் விழித்தார். பெரிய புராணத்தைப் புரட்டி அந்த ஊர்ப் பெயரையும் காட்டினார்.

1898-ம் ஆண்டு முடிவில் தாய் தேடி வந்தார். இந்தப் பையனைப் பார்த்தீர்களா என்று கேட்கக் கையில் படம் ஏது? பவழக் குன்றில் சடைமுடியும் அழுக்குமாக மெலிந்த ஓர் உருவம். பெற்றவள் பார்த்தவுடன் கண்டுகொண்டார். வீட்டுக்கு வரும்படி பல நாள் அழுது மன்றாடினார். மகன் அசையவில்லை. 1916-ல் தாயே மகனிடம் வந்துவிட்டார். 1922-ல் அவர் மடியருகே உயிர் விட்டார்.

1934-ல் பால் பிரண்டன் எழுதிய புத்தகம் வெளிவந்தது. வெளிநாட்டார் வரத் தொடங்கினர். 1946-ல் பெங்களூர் வெல்லிங் எடுத்த முகப் படம்தான் இன்று வீடுகளில் பூஜை பெறுகிறது. கேமராவுக்கென்று அவர் தனி உடை உடுத்தவில்லை. அதே கோவணம்தான்! சினிமாச் சுருளில் குரல் இல்லை. மவுனத்தையே உபதேசமாகக் கொண்டவருக்கு அது குறையா என்ன?

1949-ல் கையில் புற்றுநோய்க் கட்டி. அறுவைச் சிகிச்சைகள் பலன் தரவில்லை. கடைசி நாட்களில் பிரெஞ்சு நாட்டுப் புகைப்படக்காரர் கார்த்தியே பிரெசோன் ஆசிரமத்தில் இருந்தார். 1950 ஏப்ரல் 14-ந் தேதி இரவு வானில் ஓர் ஒளி நகர்ந்து சென்றதைக் கண்டு, அவர் கடிகாரத்தைப் பார்த்தார். மணி 8-47. உள்ளே மகரிஷியின் மூச்சு அடங்கியதும் அதே நேரத்தில்தான்.