மூர்த்தி சிறிது, கீர்த்தி பெரிது: சர் டக்ளஸ் நிக்கல்ஸ்

கால்பந்து என்றதும் நம் கண்முன் தோன்றுவது உருண்டையான பந்தும், வலை கட்டிய இரண்டு கம்பங்களும்தான். ஆனால் ஆஸ்திரேலியா நாட்டின் தென்பகுதியில் கால்பந்து என்றால் அது வேறு. அங்கே பந்து நீள்வட்ட வடிவில் இருக்கும். மைதானமும் அப்படியே. பக்கத்திற்கு 18 பேர் ஆடுவார்கள். பந்தை உதைக்கலாம், கையில் பிடிக்கலாம், ஏந்திக்கொண்டு ஓடலாம், முட்டியால் குத்தி அனுப்பலாம். எறிய மட்டும் கூடாது. ஓடும்போது அவ்வப்போது பந்தைத் தரையில் தட்டியாக வேண்டும். நடுவில் உள்ள இரு உயர்ந்த கம்பங்களுக்கு இடையே உதைத்தால் 6 புள்ளிகள். சற்று விலகிப் பக்கத்துக் கம்பத்துக்குள் போனால் 1 புள்ளி. உயரமும் உடற்கட்டும் உள்ளவர்களே இந்த ஆட்டத்தில் பெரும்பாலும் பெயர் பெறுவார்கள்.

அப்படிப்பட்ட ஆட்டத்தில் 5 அடி 2 அங்குலமே உயரமுள்ள ஒருவர் புகழ் பெற்றார் என்றால் வியப்பாக இல்லையா? அவர் விளையாட்டோடு நின்றுவிடவில்லை. போதகரானார், தம் மக்களின் வழிகாட்டியானார், இறுதியில் ஒரு மாநிலத்தின் ஆளுநராகவும் வீற்றிருந்தார். அவர்தான் சர் டக்ளஸ் ரால்ஃப் நிக்கல்ஸ். எல்லாரும் அவரை அன்போடு டக் என்றே அழைத்தனர்.

ஆற்றங்கரையில் ஒரு குடியிருப்பு

மர்ரே ஆறு ஆஸ்திரேலியாவின் பேராறு. நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தையும் விக்டோரியா மாநிலத்தையும் பிரிக்கும் எல்லையும் அதுவே. அதன் கரையில் கம்மராகஞ்சா என்னும் பழங்குடியினர் குடியிருப்பில் 1906ஆம் ஆண்டு டிசம்பர் 9ஆம் நாள் டக் பிறந்தார். ஹெர்பர்ட், ஃபுளாரன்ஸ் தம்பதியரின் ஐந்து பிள்ளைகளில் இவரே கடைக்குட்டி. அவர்கள் யோர்ட்டா யோர்ட்டா என்னும் இனத்தவர். வெள்ளையர் கப்பலேறி வருவதற்குப் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பிருந்தே அந்த மண்ணில் வாழ்ந்தவர்கள். ஆயினும் சொந்த மண்ணிலேயே அவர்களுக்கு உரிமை இல்லை. எங்கே வசிக்க வேண்டும், என்ன வேலை செய்ய வேண்டும் என்பதையெல்லாம் அரசாங்கம் நியமித்த மேலாளரே தீர்மானித்தார்.

இக்குடியிருப்புக்கு நம்மவரோடும் ஒரு சிறு தொடர்பு உண்டு. அங்கே நெடுங்காலம் ஆசிரியராக இருந்த தாமஸ் ஷாட்ராக் ஜேம்ஸ் என்பவர் மொரீஷியஸ் தீவில் இந்திய வம்சாவளியில் பிறந்தவர். பழங்குடிப் பெண்ணையே மணந்து அம்மக்களோடு வாழ்ந்தவர். பிற்காலத்தில் பழங்குடியினரின் உரிமைக்காக எழுந்த தலைவர்கள் பலர் அவரிடம் எழுதப் படிக்கக் கற்றவர்களே. ஓர் ஆசிரியரின் கைச்சுண்ணக்கட்டி எவ்வளவு தூரம் எழுதும் பாருங்கள்!

டக்குக்கு 8 வயதாக இருந்தபோது அவர் வாழ்நாளெல்லாம் மறக்க முடியாத துயரம் ஒன்று நிகழ்ந்தது. அவருடைய அக்காள் ஹில்டாவுக்கு அப்போது 16 வயது. போலீசார் குடியிருப்புக்குள் வந்து அவளை வலுக்கட்டாயமாக அழைத்துச் சென்றனர். அவள் எந்தக் குற்றமும் செய்யவில்லை. பழங்குடிப் பெண்களை வீட்டு வேலைக்குப் பழக்குவதற்கென்று கூட்டமண்ட்ரா என்னும் ஊரில் அரசாங்கம் நடத்திய இல்லத்தில் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்காகவே பிடித்துப் போனார்கள். பெற்றோர் கதறியும் பயனில்லை. பத்தாம் வகுப்பில் படிக்கும் எங்களைவிட ஒரு வயதே மூத்தவள் அவள். காலையில் தலைவாரிப் பள்ளிக்கு அனுப்பும் தாயின் கையிலிருந்து நம்மை ஒருவர் பிடுங்கிச் சென்றால் எப்படி இருக்கும் என்று எண்ணிப் பார்த்தால் நெஞ்சம் பதறுகிறது. இப்படி ஆயிரக்கணக்கான குழந்தைகள் பல ஆண்டுகளாகப் பிரிக்கப்பட்டனர். அதற்காக ஆஸ்திரேலிய நாடாளுமன்றம் 2008ஆம் ஆண்டில்தான் மன்னிப்புக் கேட்டது.

தார் பூசும் சிறுவன்

குடியிருப்புப் பள்ளியில் கிடைத்த படிப்பு மிகக் குறைவு. மூன்றாம் வகுப்புத் தரத்துக்கு மேல் அங்கே கற்றுத் தரவில்லை. பதின்மூன்று, பதினான்கு வயதில் டக் செம்மறியாட்டுப் பண்ணைகளுக்கு வேலைக்குப் போனார். ரோமம் கத்தரிக்கும்போது ஆட்டின் தோலில் காயம் பட்டால், அந்தக் காயத்தில் ஓடிப்போய்த் தார் பூசுவதே அவருடைய வேலை. ஓய்ந்த நேரத்தில் பந்து விளையாடினார். காற்றைப் போல ஓடும் கால்களை இறைவன் அவருக்குக் கொடுத்திருந்தார். அருகிலிருந்த டங்காலா என்னும் சிற்றூரின் அணியில் சேர்ந்து பெயர் வாங்கினார்.

அவமானமும் அரவணைப்பும்

1927ஆம் ஆண்டில் பெரிய அணிகளில் இடம் தேடி மெல்போர்ன் நகரம் சென்றார். முதலில் அவர் போய்ச் சேர்ந்தது கார்ல்டன் என்னும் புகழ்பெற்ற அணி. ஆனால் அங்கே அவரது ஆட்டத்தைப் பார்க்காமல் அவரது நிறத்தைப் பார்த்தார்கள். அவர் மீது நாற்றம் வீசுகிறது என்று உடன் ஆடியவர்கள் முறையிட்டனர். ஆட்டக்காரர்களுக்கு எண்ணெய் தேய்த்து உடம்பு பிடித்துவிடும் பணியாளர் இவரைத் தொடவும் மறுத்துவிட்டார். தீண்டாமை என்னும் கொடுமை நம் நாட்டில் மட்டும்தான் இருந்தது என்று நினைப்பவர்கள் இதை அறிய வேண்டும்.

டக் என்ன செய்தார்? சண்டையிடவில்லை, ஊருக்குத் திரும்பி ஓடவும் இல்லை. நார்த்கோட் என்னும் வேறொரு அணியின் கதவைத் தட்டினார். அந்த அணி சற்றுச் சிறிய சங்கத்தில் ஆடி வந்தது. அவர்கள் இவரைச் சேர்த்துக்கொண்டார்கள். மைதானத்தின் ஓரப் பகுதியில் ஆடும் விங் என்னும் இடம் இவருக்குக் கிடைத்தது. உயர்ந்த வீரர்களின் கைகளுக்குக் கீழே புகுந்து, பந்தைப் பறித்துக்கொண்டு ஓடும் இவரைக் காண்பதற்கென்றே கூட்டம் கூடியது. 1929ஆம் ஆண்டு நார்த்கோட் அணி வெற்றிக் கோப்பையை வென்றது.

அக்காலத்தில் பந்தாட்டத்தை மட்டும் நம்பிப் பிழைக்க முடியாது. ஆகவே குளிர்காலத்தில் பந்தாடிய அவர், நாட்டுப்புற ஊர்களில் நடந்த ஓட்டப் பந்தயங்களிலும் கலந்துகொண்டார். நயா, வாரக்னபீல் ஆகிய ஊர்களின் பரிசு ஓட்டங்களில் முதலாவதாக வந்தார். 1931ஆம் ஆண்டில் ஊர் ஊராகக் கூடாரமடித்துக் குத்துச்சண்டை நடத்திய ஜிம்மி ஷார்மன் என்பவரின் குழுவிலும் சேர்ந்து சண்டையிட்டார்.

1932ஆம் ஆண்டு உயர்ந்த சங்கத்தைச் சேர்ந்த ஃபிட்ஸ்ராய் அணி அவரை அழைத்தது. உடை மாற்றும் அறையில் முதலில் அவர் ஒதுங்கித் தனியாக அமர்ந்திருந்தார். கார்ல்டனில் பட்ட காயம் ஆறியிருக்குமா? அப்போது அந்த அணியின் தலைசிறந்த ஆட்டக்காரரான ஹெய்டன் பண்டன் எழுந்து வந்து இவர் அருகில் அமர்ந்து நட்புக் கொண்டார். நாட்டின் மிக உயர்ந்த ஆட்டக்காரர் விருதை மும்முறை வென்ற வீரர் அவர். அவரே பக்கத்தில் அமர்ந்தபின் வேறு யார் விலகி இருப்பார்கள்? தனித்திருப்பவர் அருகில் போய் அமர்வதற்குப் பணமோ படிப்போ தேவையில்லை. ஆனால் அது ஒரு மனிதரின் வாழ்க்கையையே மாற்றிவிடக் கூடும்.

ஃபிட்ஸ்ராய் அணிக்காக அவர் 54 ஆட்டங்கள் ஆடினார். 1935ஆம் ஆண்டு விக்டோரியா மாநில அணிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்தப் பெருமையைப் பெற்ற முதல் பழங்குடி வீரர் அவரே. பிறகு முழங்கால் காயம் தொல்லை கொடுத்தது. 1938இல் பழைய நார்த்கோட் அணிக்குத் திரும்பி, மறு ஆண்டு ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்றார். 1947இல் அதே அணிக்குப் பயிற்சியாளராகவும் இருந்தார்.

தொண்டின் பாதை

டக் நம் கத்தோலிக்கத் திருச்சபையைச் சார்ந்தவர் அல்லர். அன்புத் தாயார் மறைந்தபின் அவருடைய உள்ளம் இறைவனை நாடியது. நார்த்கோட்டில் கிறிஸ்துவின் சபை என்னும் பிரிவினரிடம் ஞானஸ்நானம் பெற்றார். பின்னர் போதகரும் ஆனார்.

அவருடைய உறவினரான பெரியவர் வில்லியம் கூப்பர் பழங்குடியினரின் உரிமைக்காகச் சங்கம் அமைத்துப் போராடி வந்தார். 1938ஆம் ஆண்டு ஜனவரி 26ஆம் நாள், வெள்ளையர் குடியேறி 150 ஆண்டுகள் நிறைந்ததை நாடே விழாவாகக் கொண்டாடியது. அதே நாளைப் பழங்குடித் தலைவர்கள் சிட்னி நகரில் துக்க நாளாக அனுசரித்தனர். அதில் டக்கும் பங்கேற்றார். மறு ஆண்டு பிப்ரவரியில், அவர் பிறந்த கம்மராகஞ்சாவில் மேலாளரின் கொடுமை தாங்காமல் நூற்றுக்கும் மேற்பட்டோர் மூட்டை முடிச்சுகளோடு ஆற்றைக் கடந்து வெளியேறினர்.

இரண்டாம் உலகப் போரின்போது 1941இல் அவருக்குப் படையிலிருந்து அழைப்பு வந்தது. ஆனால் ஃபிட்ஸ்ராய் பகுதிப் போலீசாரே, இவர் இங்கே இருந்தால்தான் நல்லது என்று கேட்டு விடுவித்துக்கொண்டார்கள். வேலை தேடி நகருக்கு வந்த பழங்குடியினர் பலர் குடியிலும் சூதிலும் சிக்கித் தவித்தனர். அவர்களைத் தேடிச் சென்று தூக்கி நிறுத்துவதே டக்கின் பணியாயிற்று. ஒரு காலத்தில் போலீசார் வந்து அக்காளைக் கொண்டுபோனார்கள். பிற்காலத்தில் போலீசாரே வந்து தம்பியின் உதவியை நாடினார்கள். காலத்தின் கோலத்தை என்னவென்பது!

1942ஆம் ஆண்டு அவருடைய சகோதரர் ஹோவர்ட் விபத்தில் அடிபட்டு இறந்தார். அவருடைய மனைவி கிளாடிஸ் மூன்று குழந்தைகளோடு நிராதரவாக நின்றார். அவ்வாண்டு டிசம்பரில் டக் அவரை மணந்து குழந்தைகளுக்குத் தந்தையானார். அவர்களுக்கு மேலும் குழந்தைகள் பிறந்தனர். கிளாடிஸ் அம்மையார் கணவரின் நிழலில் நின்றவர் அல்லர். தோளோடு தோள் நின்றவர். புகலிடம் தேடி வந்தவர்களுக்கு அவர்கள் வீட்டுக் கதவு எப்போதும் திறந்திருந்தது. நார்த்கோட்டில் பழங்குடிப் பெண்பிள்ளைகள் தங்கிப் படிக்கவும் வேலைக்குப் போகவும் ஒரு விடுதியை நிறுவினர். பெண்பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்த இல்லத்தைக் கண்டு கலங்கிய சிறுவன், அவர்களைப் பாதுகாக்கும் இல்லத்தை அமைத்தான் என்பதே என் மனத்தை மிகவும் கவர்ந்த செய்தி.

1957ஆம் ஆண்டு பழங்குடியினர் முன்னேற்றக் கழகம் தொடங்கப்பட்டபோது அதன் களப்பணியாளராக ஊர் ஊராகச் சென்றார். லேக் டயர்ஸ் என்னும் குடியிருப்பை அரசாங்கம் மூட முயன்றபோது அம்மக்களோடு நின்று எதிர்த்தார். 1967ஆம் ஆண்டு நடந்த வாக்கெடுப்பில், மக்கள்தொகைக் கணக்கில் பழங்குடியினரையும் சேர்க்க வேண்டும், மத்திய அரசு அவர்களுக்காகச் சட்டம் இயற்ற வேண்டும் என்னும் கோரிக்கைகளுக்கு நூற்றுக்கு 90 பேருக்கு மேல் ஆதரவளித்தனர். அந்த வெற்றிக்காக உழைத்தவர்களுள் டக்கும் ஒருவர்.

ஆனால் எல்லாரும் அவரைப் போற்றினார்கள் என்று சொல்ல முடியாது. இவர் மிகவும் சாந்தமாகப் பேசுகிறார், அரசாங்கம் தரும் பட்டங்களை ஏற்கிறார் என்று அவர் இனத்து இளைஞர்கள் சிலரே குறை கூறினார்கள். அவர்களுடைய கோபத்திலும் நியாயம் இருந்தது. எனினும் அவர் தம் வழியை மாற்றிக்கொள்ளவில்லை. கதவு திறக்கும்வரை தட்டுவதே அவர் வழி. நார்த்கோட்டிலும் அவர் அப்படித்தானே தட்டினார்!

மாளிகைக்குச் சென்ற மைந்தர்

1972ஆம் ஆண்டு அவருக்கு சர் பட்டம் வழங்கப்பட்டது. பழங்குடியினரில் அதைப் பெற்ற முதல்வர் அவரே. 1976ஆம் ஆண்டு டிசம்பர் முதல் நாள் தென் ஆஸ்திரேலிய மாநிலத்தின் ஆளுநராகப் பதவியேற்றார். பழங்குடியினர் ஒருவர் ஆளுநராவது அந்நாட்டு வரலாற்றில் அதுவே முதன்முறை. ஆட்டின் காயத்துக்குத் தார் பூசிய கைகள் அரசாணைகளில் கையொப்பமிட்டன. ஆனால் இரண்டு மாதம் நிறையுமுன் பக்கவாதம் தாக்கியது. 1977ஆம் ஆண்டு ஏப்ரல் இறுதியில் பதவி விலகினார். 1981இல் கிளாடிஸ் அம்மையாரும் மறைந்தார்.

1988ஆம் ஆண்டு ஜூன் 4ஆம் நாள், ஷெப்பர்டன் நகரை அடுத்த மூருப்னாவில் சர் டக்ளஸ் காலமானார். அரசு மரியாதையோடு இறுதிச் சடங்கு நடந்தது. பிறந்த கம்மராகஞ்சா மண்ணிலேயே அடக்கம் செய்யப்பட்டார். மெல்போர்னில் நாடாளுமன்றத்துக்கு அருகிலுள்ள பூங்காவில் கணவனும் மனைவியும் சேர்ந்து நிற்கும் சிலை 2007இல் திறக்கப்பட்டது. 2016ஆம் ஆண்டு முதல், பழங்குடி வீரர்களைச் சிறப்பிக்கும் ஆட்டச் சுற்றுக்கு அவர் பெயரே சூட்டப்பட்டிருக்கிறது. அவரை ஒருநாள் தொட மறுத்த கார்ல்டனும் அதில் ஆடுகிறது.

அன்புத் தோழியரே, நாம் எல்லாரும் ஆளுநராக முடியாது. ஆனால் நம் வகுப்பில், விடுதியில், உணவறையில் ஓரமாய்த் தனித்து அமர்ந்திருக்கும் ஒருத்தி எங்கேனும் இருப்பாள். அவள் அருகில் போய் அமர்வது நம் எல்லாராலும் முடியும். ஹெய்டன் பண்டன் செய்தது அவ்வளவுதான். அதன் பலனை ஒரு நாடே கண்டது.