கால்பந்து பார்க்கப் போனதால் பதவி போனது: அயர்லாந்தின் முதல் குடியரசுத் தலைவர் டக்ளஸ் ஹைட் யார்?

ஒரு நாட்டின் முதல் குடியரசுத் தலைவர். பதவியேற்று ஆறு மாதம்கூட முழுசாக ஆகவில்லை. அதற்குள் அந்த நாட்டின் மிகப் பெரிய விளையாட்டுச் சங்கம் தன் புரவலர் பொறுப்பிலிருந்து அவரை நீக்கியது. அவர் செய்த குற்றம், அயர்லாந்தும் போலந்தும் மோதிய கால்பந்து ஆட்டத்தை மைதானத்துக்குப் போய்ப் பார்த்தது.

1938-இல் நடந்த இந்தச் சம்பவத்தின் நாயகர் டக்ளஸ் ஹைட். கால்பந்து ஆங்கிலேயர் விளையாட்டு, அதைப் பார்ப்பதே தப்பு என்பது கேலிக் விளையாட்டுச் சங்கத்தின் அன்றைய விதி. வேடிக்கை என்னவென்றால், ஆங்கிலேயப் பழக்கங்களிலிருந்து அயர்லாந்து வெளியே வர வேண்டும் என்று 46 வருஷம் முன்பே மேடையேறிப் பேசியவர் இவர்தான். அந்தப் பேச்சில் இதே சங்கத்தைப் பாராட்டியும் இருந்தார்.

பாதிரியார் வீட்டுப் பையன்

ஹைட் பிறந்தது 1860 ஜனவரி 17, ரோஸ்காமன் வட்டாரத்தின் காசில்ரே ஊரில். அப்பா ஆர்தர் ஹைட் புராட்டஸ்டன்ட் பாதிரியார். தலைமுறை தலைமுறையாகப் பாதிரியார்கள் வந்த குடும்பம். அன்றைய அயர்லாந்தில் இப்படிப்பட்ட குடும்பங்கள் பேசியது ஆங்கிலம். மனசளவில் நெருக்கம் லண்டனோடு. சுற்றியிருந்த ஏழை விவசாயிகளோ பெரும்பாலும் கத்தோலிக்கர்கள்.

1867-இல் குடும்பம் ஃபிரெஞ்ச்பார்க் என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது. சின்ன வயதில் உடம்புக்கு முடியாமல் போனதால் டக்ளஸுக்குப் பள்ளிக்கூடம் இல்லை, வீட்டிலேயே பாடம். மீதி நேரமெல்லாம் அக்கம்பக்கத்துக் குடிசைகளில்தான். அந்த வட்டாரத்து வேட்டைக் காவலர் ஷேமஸ் ஹார்ட், வயசான சில பெண்கள் என ஐரிஷ் பேசுகிறவர்களோடு கணப்படுப்புப் பக்கத்தில் உட்கார்ந்து கதை கேட்பான். காதில் விழுந்ததை ஆங்கில எழுத்தில் அப்படியே டைரியில் குறித்துவைப்பான். இலக்கணப் புத்தகம் கைக்கு வருவதற்கு முன்னால் மொழி வந்துவிட்டது. 1875 கடைசியில் ஹார்ட் இறந்தபோது பையன் உடைந்துபோய்விட்டான்.

மொழி எப்படிக் காணாமல் போனது?

1845-இல் உருளைக்கிழங்குப் பயிரில் நோய் விழுந்தது. அடுத்தடுத்த பஞ்ச வருஷங்களில் சுமார் 10 லட்சம் பேர் செத்தார்கள். இன்னும் 10 லட்சம் பேர் கப்பலேறினார்கள். அதிகம் அடிபட்டது மேற்குப் பகுதி ஏழைகள். ஐரிஷ் பேசியவர்களும் அவர்கள்தான்.

1851 கணக்கெடுப்பில் ஐரிஷ் தெரிந்தவர்கள் சுமார் 15 லட்சம் பேர். 1891-இல் சுமார் 6.8 லட்சம். நாற்பதே வருஷத்தில் பாதிக்கும் கீழே.

பள்ளிகளில் பாடம் ஆங்கிலத்தில். பல ஊர்களில் குழந்தையின் கழுத்தில் ஒரு குச்சியைக் கட்டித் தொங்கவிடுவார்கள். ஐரிஷ் பேசினால் குச்சியில் ஒரு வெட்டு. சாயங்காலம் வெட்டுகளை எண்ணி அடி. இதற்குப் பெற்றோரும் ஒத்துழைத்தார்கள் என்பதுதான் கசப்பான விஷயம். அமெரிக்காவுக்கோ இங்கிலாந்துக்கோ பிழைக்கப் போகிற பிள்ளைக்கு ஆங்கிலம் வேண்டுமே என்ற பயம் அவர்களுக்கு. தாத்தா பாட்டி ஐரிஷில் பேசினால் பேரன் ஆங்கிலத்தில் பதில் சொல்லுகிற நிலை வந்தது. மொழி முதலில் செத்தது வீட்டுக்குள்தான்.

1892 பேச்சும் கேலிக் லீக்கும்

அப்பாவுக்கு மகனும் பாதிரியாராக வேண்டும் என்று ஆசை. மகன் டப்ளினின் டிரினிட்டி கல்லூரியில் படித்துவிட்டு வேறு பாதையில் போனார். நாட்டுப்புறக் கதைகளைத் தொகுத்து 1890-இல் புத்தகம் போட்டார். கானாட் பகுதிக் காதல் பாடல்களை ஆங்கில மொழிபெயர்ப்போடு 1893-இல் வெளியிட்டார். கவிஞர் யேட்ஸ், நாடகாசிரியர் லேடி கிரிகரி போன்றவர்கள் அந்த ஆங்கிலத்தில் புது ஓசையைக் கேட்டார்கள்.

1892 நவம்பரில் டப்ளினில் அந்தப் பிரபலமான பேச்சு. ஆங்கிலேயரை வெறுப்போம், ஆனால் அவர்களையே காப்பியடிப்போம் என்று ஐரிஷ் மக்கள் நடந்துகொள்கிறார்கள் என்பது அவரது வாதம். பேர், பாட்டு, விளையாட்டு, உடை என்று எல்லாவற்றையும் தொலைத்துவிட்டு அரசியல் சுதந்திரம் மட்டும் வாங்கினால், அப்புறம் நாம் தனி நாடு என்று எதைக் காட்டுவது என்று கேட்டார்.

அடுத்த வருஷம் ஜூலை 31-இல் கேலிக் லீக் தொடங்கியது. தலைவர் ஹைட். கூடவே தூணாக நின்றவர் வரலாற்று ஆய்வாளர் ஓயின் மெக்நீல். வேலை முடிந்த பிறகு மாலை வகுப்புகள், ஊர் ஊராகப் போகும் ஆசிரியர்கள், பாட்டு, நடனக் கூட்டங்கள். ஆணும் பெண்ணும் ஒரே வகுப்பில் உட்கார்ந்தது அன்றைக்குப் புதுசு. 1901-இல் ஹைட் ஐரிஷ் மொழியில் எழுதிய நாடகம் டப்ளினின் கேயட்டி அரங்கில் மேடையேறியது, அவரே நடித்தார். 1905-இல் அமெரிக்கா போய் 50,000 டாலருக்கு மேல் நிதி திரட்டினார். அங்கே இருக்கும்போதே 1906-இல் சான்பிரான்சிஸ்கோவில் நிலநடுக்கம் வர, ஒரு பகுதியை நிவாரணத்துக்குத் திருப்பிக் கொடுத்தார்.

1909-இல் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியில் நவீன ஐரிஷ் பேராசிரியர் ஆனார். தேசியப் பல்கலைக்கழகத்தில் சேர ஐரிஷ் கட்டாயம் என்ற விதி 1913-இல் நடைமுறைக்கு வந்தது. அதற்காக லீக் பெரிய போராட்டமே நடத்தியிருந்தது.

ஏன் விலகினார்?

மொழிக்கு மதமும் கிடையாது, கட்சியும் கிடையாது என்பதில் ஹைட் பிடிவாதமாக இருந்தார். புராட்டஸ்டன்ட், கத்தோலிக்கர், பிரிட்டனோடு இருக்க விரும்புகிறவர் என எல்லாரும் சேர்ந்து உட்காரக்கூடிய ஒரே இடம் லீக் என்று நம்பினார். ஆனால் அவர் ஊட்டிய உணர்வே வேறு திசையில் ஓடியது. மொழி வகுப்புக்கு வந்த இளைஞர்கள் அடுத்து கேட்டது நாட்டை. 1915-இல் டண்டாக் நகரில் நடந்த மாநாட்டில், சுதந்திர அயர்லாந்துக்குப் பாடுபடுவதையும் லீக்கின் நோக்கமாகச் சேர்த்தார்கள். ஹைட் தலைவர் பதவியை விட்டு வெளியேறினார்.

அடுத்த ஆண்டு ஈஸ்டர் எழுச்சி. அதை முன்னின்று நடத்தி மரண தண்டனை பெற்ற பேட்ரிக் பியர்ஸ், லீக்கின் பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தவர். அதே 1916-இல் ஹைட்டின் மூத்த மகள் நுவாலா காசநோயில் இறந்தார்.

திரும்ப அழைத்த நாடு

சுதந்திரம் வந்த பிறகு 1925-இல் செனட் தேர்தலில் நின்று தோற்றார். 1932-இல் ஓய்வு பெற்று ஃபிரெஞ்ச்பார்க் பக்கமே போய்விட்டார். 1937-இல் புதிய அரசியலமைப்பு வந்தது. இந்திய அரசியலமைப்பின் வழிகாட்டு நெறிமுறைகளுக்கு முன்மாதிரி இதுதான். அதன்படி முதல் குடியரசுத் தலைவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். டி வலேராவின் கட்சியும் எதிர்க்கட்சியும் ஒத்துக்கொண்ட ஒரே பெயர் ஹைட். கத்தோலிக்கர் பெரும்பான்மையாக இருக்கும் நாட்டில் ஒரு புராட்டஸ்டன்ட், போட்டியே இல்லாமல் வந்தார். 1938 ஜூன் 25-இல் ஐரிஷ் மொழியில் உறுதிமொழி எடுத்தார். வயது 78.

அந்த வருஷக் கடைசியில்தான் விளையாட்டுச் சங்கம் அவரை நீக்கியது. டிசம்பர் 31-இல் மனைவி லூசி காலமானார். 1940-இல் பக்கவாதம். சக்கர நாற்காலியில் இருந்தபடியே 1945 வரை பதவிக்காலத்தை முடித்தார்.

1949 ஜூலை 12-இல் ஹைட் இறந்தார். டப்ளினின் செயின்ட் பேட்ரிக் பேராலயத்தில் புராட்டஸ்டன்ட் முறைப்படி இறுதி வழிபாடு. வேறு சபையின் வழிபாட்டில் கத்தோலிக்கர்கள் கலந்துகொள்ளக் கூடாது என்பது அன்றைய தேவாலய விதி. அதனால் கத்தோலிக்க அமைச்சர்களில் நோயல் பிரவுன் மட்டுமே உள்ளே போனார். மற்றவர்கள் வெளியே காத்திருந்து, சவப்பெட்டி வந்ததும் ஊர்வலத்தில் சேர்ந்துகொண்டார்கள். எல்லா மதத்தாருக்கும் பொதுவான அயர்லாந்துக்காக உழைத்தவருக்கு நாடு விடை கொடுத்தது இப்படித்தான்.

இன்றைக்கு நிலைமை என்ன?

அரசியலமைப்பில் ஐரிஷ்தான் முதல் ஆட்சிமொழி. பள்ளிகளில் எல்லாருக்கும் பாடம். 2022 கணக்கெடுப்பில் சுமார் 18.7 லட்சம் பேர் தங்களுக்கு ஐரிஷ் பேசத் தெரியும் என்றார்கள். ஆனால் வகுப்பறைக்கு வெளியே தினமும் பேசுகிறவர்கள் சுமார் 72,000 பேர்தான். அரசாங்கம், பள்ளிக்கூடம், பல்கலைக்கழகம் என எல்லா இடத்துக்கும் மொழி திரும்பி வந்துவிட்டது. ஹைட் அதைக் கற்றுக்கொண்ட கணப்படுப்புப் பக்கம் மட்டும் இன்னும் பெரும்பாலான வீடுகளில் ஆங்கிலம்தான்.