ஒரே கலத்தில் உண்டவர்: தமியான் அடிகளார்

மனிதனை மனிதன் ஒதுக்கி வைத்த கொடுமை நம் நாட்டில் மட்டும் நிகழ்ந்ததன்று. பசிபிக் பெருங்கடலின் நடுவேயுள்ள ஹவாய்த் தீவுகளில், 1865ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட சட்டமொன்று தொழுநோயாளரைக் குடும்பத்தினின்றும் பிரித்தது. மொலோக்காய்த் தீவில், மூன்று புறம் கடலும் ஒரு புறம் செங்குத்தான மலையும் சூழ்ந்த கலாவாவோ என்னும் இடத்திற்கு 1866 முதல் அவர்கள் கொண்டுசெல்லப்பட்டனர். அங்கிருந்து மீண்டவர் மிகச் சிலரே.

அவ்விடத்திற்குத் தாமே விரும்பிச் சென்றவர் தமியான் அடிகளார். இவர் பெல்ஜியம் நாட்டில் திரெமெலோ என்னும் சிற்றூரில் 1840 சனவரி 3ஆம் நாள் பிறந்தார். ஹவாய் செல்லவிருந்த தமையனார் நோயுற்றமையால், அவருக்கு மாற்றாகப் புறப்பட்டு 1864 மார்ச்சுத் திங்களில் ஹொனலுலு வந்தடைந்தார். அவ்வாண்டே குருப்பட்டம் பெற்று, ஹவாய்ப் பெருந்தீவில் ஒன்பது ஆண்டுகள் பணியாற்றினார். அம்மக்களின் மொழியையும் கற்றுத் தேர்ந்தார்.

1873 மே 10ஆம் நாள் கலாவாவோவில் அடியெடுத்து வைத்தபோது அவருக்கு வயது 33. தங்க வீடில்லை, தாழை மரத்தடியே முதல் உறைவிடமாயிற்று. நோயாளரைத் தொடலாகாது என்று பிறர் எச்சரித்திருந்தனர். ஆயினும் அகல நின்று அறம் செய்ய அவர் மனம் ஒப்பவில்லை. அவர்களுடைய புண்களைத் தம் கையால் கழுவிக் கட்டினார். சேப்பங்கிழங்குக் களியை அவர்களோடு ஒரே கலத்தில் கையிட்டு உண்டார். அம்மக்களையும் துணைக்கொண்டு வீடுகள் கட்டினார். குழாய் வழியே குடிநீர் கொணர்ந்தார். பெற்றோரற்ற பிள்ளைகளுக்கு இல்லம் அமைத்தார். இறந்தோர்க்குப் பெட்டி செய்து, குழியும் தோண்டினார். அயலாராய் வந்தவரை அவ்வூரார் தம்முள் ஒருவராகவே கொண்டனர்.

1884ஆம் ஆண்டின் இறுதியில் ஒருநாள் கொதிநீர் காலிற்பட்டும் அவருக்குச் சுடவில்லை. தம்மையும் அந்நோய் பற்றியதை உணர்ந்தார். ஆயினும் பணியை நிறுத்தினாரில்லை. 1889 ஏப்ரல் 15ஆம் நாள், 49ஆம் வயதில் மறைந்து, அதே தாழை மரத்தடியில் அடக்கம் செய்யப்பெற்றார். 1936இல் அவர் உடல் பெல்ஜியத்திற்குக் கொண்டுசெல்லப்பட்டது. 1995இல் அவருடைய வலக்கை மட்டும் கலாவாவோ மண்ணுக்கே திரும்பியது; புண்களைக் கழுவிய கை, உரியவர்களிடமே வந்து சேர்ந்தது. அம்மக்களை ஒதுக்கிய சட்டமோ 1969ஆம் ஆண்டில்தான் நீங்கியது. இன்று தொழுநோய் மருந்தினால் முற்றிலும் குணமாகின்றது.

தனிக்குவளையின் இழிவை அறிந்த நமக்கு, ஒரே கலத்தில் உண்டவரின் பெருமையை விளக்கிச் சொல்ல வேண்டுவதில்லை. இளைஞர்களே! கற்று உயர்ந்தபின் பிறந்த சேரியை எட்ட நின்று பார்ப்பதும் ஒருவகை ஒதுக்கலே ஆகும். கொடுப்பதற்கு மட்டும் வாராதீர்; உடன் அமர்ந்து உண்ணவும் வாருங்கள். உறவு பிறக்கும் இடம் அதுவே.